மதகடியில் பதினொரு நிமிடம்

எனக்குப் பேச வராது. பி.எஸ்சி. இயற்பியல் வாய்மொழித் தேர்வில் விடை தெரிந்தும் சும்மா நின்றேன். கேமராவுக்குப் பின்னால் நிற்பது எளிதாக இருந்தது.

துருக்கியில் தனியாளாக ஆவணப்படம் எடுக்கும் ஒருவரின் படங்களைப் பார்த்துத்தான் கற்றேன். அவர் கேள்வி கேட்க மாட்டார். பின்னணிக் குரல் கிடையாது. ஒரு மலைக்கிராமத்துக் கிழவி பிசைந்த மாவு உப்பும்வரை பார்த்துக்கொண்டே இருப்பார். ஒரு காட்சியில் அவள் விறகுக்கட்டோடு சறுக்கி விழுகிறாள். கேமரா புல்லில் சாய்கிறது. அவர் ஓடும் காலடி மட்டும் கேட்கிறது. அந்த ஓர் இடம் எனக்குக் குறையாகப் பட்டது. நான் அப்படிச் செய்ய மாட்டேன் என்று நோட்டில் எழுதிவைத்தேன்.

கீழ்வேளூர்ப் பக்கம் ரெத்தினத்தைப் படம்பிடித்தேன். துரைராசுவின் நிலத்தில் குத்தகை விவசாயம். குத்தகையைப் பதியச் சொல்லி ரெத்தினம் துரைராசுமேல் வழக்கும் போட்டிருந்தார். இருவருக்கும் ஒரே வாய்க்கால். நாற்பது நாளில் ரெத்தினத்தின் மனைவி அம்சவல்லி கேமராவை மறந்துவிட்டார்.

"வாயில என்ன கொழுக்கட்டையா வச்சிருக்கே? மோரக் குடி" என்பார்.

அன்று காலை மதகு மூடியிருந்தது. ஆறு நிறைந்து ஓடியது. வாய்க்கால் ரோட்டுக்கு அடியில் போகும் குழாயை ஆகாயத்தாமரை அடைத்திருந்தது. அதை இழுத்தெடுக்க ஒருவர் உள்ளே போனால் ஒருவர் கரையில் நிற்பார். மதகைத் திறக்க வருபவர் குரல் கொடுத்தால், கரையில் இருப்பவர்தான் பதில் சொல்ல வேண்டும். உள்ளே இருப்பவருக்குக் கேட்காது. எப்போதும் அம்சவல்லி நிற்பார். அன்று அவர் வரத் தாமதம்.

"நீ நிக்கிறீல்ல, போதும்" என்று சொல்லிவிட்டு ரெத்தினம் உள்ளே ஊர்ந்தார். கால்கள் இருட்டில் மறைந்தது அழகாக இருந்தது.

துரைராசு சைக்கிளில் வந்தார். அன்று தண்ணீர் பாய்ச்ச அவர் முறை. மதகின் திருகில் கைவைத்தபடி என் பக்கம் திரும்பினார்.

"ஏம்மா, கொழாக்குள்ள யாரும் இருக்காங்களா?"

பேசினால் என் குரல் படத்தில் விழும். நான் கேமராவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. அவர் காத்திருந்தார்.

"சரிதான். இருந்தா சொல்லியிருப்பே."

தண்ணீர் வந்தது. பாசியும் நுரையும் குழாய்வாயில் சுழன்றன. வெளிச்சம் நன்றாக இருந்தது. பதினொரு நிமிடம் கேமரா அசையவில்லை.

பிறகு அம்சவல்லி தூக்குவாளியோடு வந்தார். "அவங்க துண்டு கெடக்கு. ஆள எங்கம்மா?" என்றார். அப்போதுதான் நிறுத்தினேன்.

வழக்கு ஆத்திரத்தில் துரைராசு வேண்டுமென்றே திறந்தார் என்று ஊர் சொன்னது. முதல் தகவல் அறிக்கையில் நீங்களும் அப்படித்தான் எழுதினீர்கள். 'படமெடுக்கிற பெண்ணிடம் கேட்டேன்' என்று துரைராசு சொன்னதை யாரும் நம்பவில்லை. காரியத்தன்று அம்சவல்லி என் கையை விடவே இல்லை. "கடைசியா நீயாவது பக்கத்துல இருந்தியே" என்றார்.

நான் உங்களிடம் தந்த படத்தில் அந்தக் கேள்வி இல்லை. தூரத்தில் அவர் உதடு அசைவது தெரியாது. அந்த இடத்தில் தவளைச் சத்தம் வைத்தேன். படத்தில் இருப்பவர் கேமராவிடம் பேசக் கூடாது. அசல் இந்த மெமரி கார்டில் இருக்கிறது.

அந்தச் சத்தத்தைத் தவிர, அங்கே நடந்த எதிலும் நான் தலையிடவில்லை.