வியாழக்கிழமை எண்ணெய்

வியாழக்கிழமை. விளக்கு வைக்கிற நேரம். எங்கள் ஊர் கராகோலிலிருந்து ஏரிப்பக்கம் போகிற சாலையில் ஈ காக்கை கிடையாது. என் சிநேகிதன் மக்சத் கார் ஓட்டினான். பக்கத்தில் அவன் தங்கை அனார்குல். சிரிக்காதீர்கள்... கடைசிவரை கேட்டுவிட்டுச் சிரியுங்கள்.

போனது, பூட்டிக் கிடந்த ஜொல்சுபெக் மாஸ்டரின் பட்டறைக்கு. ஓவியக் கல்லூரியில் அவளுக்குப் பாடம் எடுத்தவர். அவளைத் தவிர வேறு முகத்தை வரைய மாட்டேன் என்று நின்ற மனுஷன். அவளும் லேசுப்பட்டவள் இல்லை. வந்த வரனையெல்லாம் தட்டிவிட்டு அந்த நாற்காலியிலேயே பழியாய்க் கிடந்தாள். வண்ணம் படிந்த விரலால் அவள் மோவாயை இடப்பக்கம் திருப்பிவிடுவார். அதற்காகவே காத்திருப்பாள்.

"படத்துல கண்ணு வரைஞ்சு முடியற வரைக்கும் நீ எங்கயும் போகக் கூடாது."

"எங்க போகப் போறேன் மாஸ்டர்?"

முடிக்காமலேயே செத்துப்போனார். இப்போது அவளுக்குக் கல்யாணம் நிச்சயமாகிவிட்டது. கொடுத்த வாக்கு நெஞ்சில் முள்ளாய்க் குத்தியது. அந்தக் கண்ணைத் தானே வரைந்து முடித்தால் விட்டுவிடுவார் என்று நம்பினாள், பாவம்.

"சீக்கிரம் வா. குளிருது" என்றான் மக்சத்.

"இருண்ணா. எண்ணெயக் காய்ச்சினாத்தான் வண்ணத்துக்குப் பதம் வரும்."

தலையாட்டினான், மடையன். வியாழக்கிழமை நம் கிர்கிஸ் வீடுகளில் எண்ணெய் காயவைத்து ரொட்டி பொரிப்பது எதற்கு? செத்தவர்கள் வந்து வாசனை பிடித்துவிட்டுப் போகத்தானே? வண்ணத்தில் கலக்கிற ஆளிவிதை எண்ணெயும் எண்ணெய்தான் என்று இரண்டு பேருக்கும் உறைக்கவில்லை.

காருக்குள் காத்திருந்தவனுக்குக் காய்கிற எண்ணெய் வாடை வந்தது. பிறகு சரக்... சரக்... துணியில் தூரிகை உரசும் சத்தம். வரைகிறாள் என்று நினைத்தான். வெகுநேரமாகியும் அவள் வரவில்லை. ஜன்னலில் எட்டிப் பார்த்தான்.

அனார்குல் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். கையில் தூரிகை இல்லை. சத்தம் மட்டும் நிற்கவில்லை.

அவளை வாரித் தூக்கிக்கொண்டு ஓடிவந்தான். மறுநாள் நாலு ஆட்களோடு போய்ப் படத்தை எரித்தான். ஒரு கண் முடிந்திருந்ததாம். இன்னொன்று... இனி எப்படி முடியும்?

கல்யாணம் நடந்தது. புருஷன் தங்கமானவன். ஆனால் வியாழக்கிழமை தெருவில் யார் வீட்டில் எண்ணெய் காய்ந்தாலும், செய்கிற வேலையை அப்படியே போட்டுவிட்டு நாற்காலியில் போய் உட்கார்ந்துகொள்கிறாள். கூப்பிட்டால் காது கேட்பதில்லை. வாடை அடங்கினால்தான் எழுந்திருப்பாள். அவளுக்கு எதுவும் நினைவில்லை.

புருஷன்தான் ஈரத்துணியை எடுத்து, அவள் மோவாயில் காயாமல் இருக்கிற வண்ணத்தைத் துடைத்துவிடுகிறான்.