இலத்தூர்க்காரர் சொன்ன கிளைமாக்ஸ்

குற்றாலத்தில் பெண்கள் வரிசை அசையவில்லை. எனக்கு முன்னால், தலையில் எண்ணெய் வழிய, ஐம்பது தாண்டிய தோழிகள் இருவர் நின்றார்கள். ஒருத்தி திடீரென்று சொன்னாள்:

"ஏட்டி, அந்தப் படத்துல ரெண்டு பேரும் கடைசில சேரவே இல்லட்டி."

"எந்தப் படம்?"

"நானும் இலத்தூர்க்காரரும் தென்காசில மேட்னி பாத்தோம்லா. நேத்து டிவில போட்டான்."

"மெதுவா பேசு. உன் வீட்டுக்காரரு ஆம்பளைங்க வரிசைலதான் நிக்காரு. ஏன், அன்னைக்கே முடிவப் பாக்கலியா?"

"எங்க? கடையம் பஸ்ஸ விட்டா அப்பா கொன்னுருவாருன்னு பாதில ஓடி வந்துட்டேன். அவரு மட்டும் இருந்து பாத்தாரு. ஹீரோ கல்யாண மண்டபத்துக்கே வந்து அவளக் கூட்டிட்டுப் போயிருதான்னு மறுநாள் எங்கிட்ட சொன்னாரு."

"பொய்யா?"

"அவ கல்யாணத்துல பந்தி பரிமாறிட்டுப் போயிருதான்."

வரிசை இரண்டடி நகர்ந்தது. தோழி தயங்கித் தயங்கிக் கேட்டாள்.

"உன் கல்யாணத்துலயும் அவரு..."

"ஆமா. சாம்பார் வாளியோட வந்து என் இலை முன்னாடி நின்னாரு. இப்பக் கூட்டிட்டுப் போயிருவாருன்னு நான் சாப்பிடாமயே உக்காந்திருந்தேன்."