பொண்ணழைப்புக் கேசட்டு

உத்திராபதி: …இது பொண்ணழைப்புக் கேசட்டும்மா. நீ தேடுறது இதுலயா இருக்கப் போவுது?

ஹேமலதா: இருக்குங்கய்யா. சாராயக்கடை மறியலை உங்க ஸ்டுடியோ கேமராதான் புடிச்சுதுன்னு பாடாலூர்ல ஒருத்தர் சொன்னாரு.

லீலாவதி: பூஞ்சை புடிச்சிருக்கும் கண்ணு. ஓடாது.

ஹேமலதா: தொடைச்சு ஓட வச்சிடலாம்மா. படம் எடுக்குறவங்களுக்குப் பழைய வீடியோ தேடிக் குடுக்குறதுதான் என் வேலை. இந்த மறியலுக்கு எங்கயுமே ஒரு போட்டோகூடக் கெடைக்கல. அப்படி ஒண்ணு நடக்கவே இல்லங்குறாங்க.

உத்திராபதி: எவன் சொன்னது? எங்க குரும்பலூர் பொம்பளைங்க நடுரோட்டுல ஒக்காந்து…

லீலாவதி: ஏங்க, கத்தாதீங்க.

உத்திராபதி: கத்துவேன்! கடையையே இழுத்து மூட வச்சாங்கடி!

ஹேமலதா: அப்ப போட்டுப் பாத்துடலாங்கய்யா. டெக்கு கொண்டாந்திருக்கேன்.

உத்திராபதி: ம்… ஓடுது பாரு. மேளம்… பொண்ணு வர்ற காரு…

லீலாவதி: இந்தா, காரு நின்னு போச்சு. ரோட்டை மறிச்சுட்டாங்க.

ஹேமலதா: ஐயோ… ஆண்டாயிம்மா! மறியலை முன்னால நின்னு நடத்துனவங்க. இவங்களப் பத்திதாங்க இந்தப் படமே! எப்புடி ஒக்காந்திருக்காங்க பாருங்க!

உத்திராபதி: இதுக்கப்புறம் பொண்ணும் கெடையாது, மேளமும் கெடையாது. கல்யாண வூட்டுக்காரங்க கேசட்டை மூஞ்சிலயே எறிஞ்சாங்க.

லீலாவதி: நல்லதாப் போச்சு. அதனாலதான் நம்மகிட்ட இருக்கு.

ஹேமலதா: அய்யா, ஒண்ணு கேக்கட்டுங்களா? கேமரா அவங்களுக்குள்ளயே ஒக்காந்திருக்கே… ஆம்பளை உங்களை எப்படி நடுவுல விட்டாங்க?

உத்திராபதி: அது வந்து…

லீலாவதி: டீ ஆறுது கண்ணு.

ஹேமலதா: குடிக்கிறேம்மா. படத்துல பேரு போடணும். ஒளிப்பதிவு, உத்திராபதி. சரிங்களா?

லீலாவதி: சரிதான். எழுதிக்க.

உத்திராபதி: இருடி.

லீலாவதி: வேண்டாங்க…

உத்திராபதி: இன்னும் எத்தனை வருசம்டி? …நான் அன்னிக்கு லைட்டு புடிச்சுக்கிட்டு ஓரமா நின்னேம்மா. ஆம்பளைங்களைக் கிட்டயே விடல. என் கையிலேருந்து கேமராவை வாங்கிட்டு இவதான் உள்ள போயி ஒக்காந்தா. நீ பாத்தது அத்தனையும் இவ எடுத்தது.

ஹேமலதா: அம்மா… நீங்களா! அப்புறம் ஏம்மா மறைச்சீங்க?

லீலாவதி: கடை ஆளுங்க வூட்டுக்கே வந்துட்டாங்க கண்ணு, எவன் எடுத்ததுன்னு. நான் வாயைத் தொறக்குறதுக்குள்ள இவரு "நான்தாண்டா"ன்னு முன்னாடி போயி நின்னாரு. கையை ஒடிச்சாங்க… அப்பவும் மாத்திச் சொல்லல. அப்படி வாங்குன பேரை நான் எப்படிப் புடுங்கிக்கிறது? …ரெண்டு பேரையும் போட்டுடு. எடுத்தது லீலாவதி. அடி வாங்குனது உத்திராபதி.