கனேலாவுக்கு ஏழாவது ஊசி

நெல்பா: ...குளவியெல்லாம் கொட்டல, டாக்டரம்மா! அந்த அலர்ஜி ஊசிதான். நான்தான் போட்டேன். கால் மணி நேரத்துல எங்க நாய் கனேலா மூஞ்சி பூசணிக்கா மாதிரி வீங்கிடுச்சு!

டாக்டர்: வாந்தி எடுத்தாளா?

நெல்பா: ரெண்டு தடவை.

வில்மார்: மூணு.

நெல்பா: நீ இப்பதானே உள்ள வந்தே, கெழவா! உனக்கெப்படித் தெரியும்?

வில்மார்: வாசல்ல மிதிச்சேன்.

டாக்டர்: சண்டை அப்புறம்! போனை வைக்காம உதட்டைத் தூக்கிப் பாருங்க. ஈறு என்ன நிறம்?

வில்மார்: வெளுத்து... சுண்ணாம்பு மாதிரி. மூச்சு வேற இழுக்குது.

டாக்டர்: வாய்ல எதுவும் ஊத்தாதீங்க, தண்ணிகூட வேணாம். அப்படியே தூக்கிட்டு வாங்க. மருந்துப் புட்டி, ஊசி அட்டவணை ரெண்டும் வேணும். சால்தோ ஊரே மதியத் தூக்கத்துல கிடக்கு, ரோடு காலியா இருக்கும். சீக்கிரம்!

நெல்பா: சாவி எங்க... வில்மார்! நாய் சாகக் கிடக்கு, மத்தே டீ குடிக்கிற குடுவையை ஏன் தூக்கிட்டு வரே?

வில்மார்: கையில இருந்துச்சு... தெரியல...

டாக்டர்: வந்துட்டீங்களா? மேசையில கிடத்துங்க. தலையைப் பிடிங்க... ஆச்சு. மாத்து ஊசி உள்ள போயிடுச்சு.

நெல்பா: பிழைச்சிடுவாளா?

டாக்டர்: பொறுங்க... பொறுங்க... ம். மூச்சு சீராகுது. ஈறும் சிவக்குது. நாளைக்கு வரைக்கும் என் கண்ணு முன்னாடியே இருக்கட்டும். எவ்வளவு போட்டீங்க?

நெல்பா: ஏழாவது ஊசிக்கு நீங்க எழுதின அளவுதான். ஒரு சொட்டு கூடல. எப்பவும் இந்தக் கெழவன்தான் போடுவான். இன்னைக்குப் பந்து உருட்டப் போனவன் சாப்பாட்டுக்கும் வரல. சனிக்கிழமை தவறக்கூடாதேன்னு நான்...

டாக்டர்: ஆறு வாரமும் குறி போட்டிருக்கு. புட்டியிலயும் சரியா குறைஞ்சிருக்கு. நடுவுல ஏதாவது விட்டுப்போச்சா, வில்மார்?

வில்மார்: ...அதான் குறி இருக்கே.

டாக்டர்: விட்டிருந்தா சொல்லுங்க. கொஞ்சம் கொஞ்சமா ஏத்தினாத்தான் உடம்பு தாங்கும். விட்டுட்டுத் திடீர்னு பெரிய அளவு போட்டா இப்படி ஆகும். அப்படின்னா சின்ன அளவுலேருந்து, இங்கயே, பார்த்துப் பார்த்து மறுபடி ஆரம்பிக்கலாம். விடலைன்னா இந்த மருந்தே இவளுக்கு ஆகாது. நிறுத்திடணும்.

நெல்பா: நிறுத்தினா பழையபடி ரத்தம் வர்ற வரைக்கும் சொறிவாளே! ஐயோ... என் கைதான், டாக்டரம்மா. எங்கயோ தப்பா குத்திட்டேன். இனி இவளைத் தொடவே மாட்டேன்.

வில்மார்: அழாதே, கெழவி.

நெல்பா: நீ போட்டப்ப ஒரு நாளும் ஒண்ணும் ஆகலையே!

வில்மார்: ஆச்சு... முதல் ஊசி போட்டேன்ல? அன்னைக்கு என் மடியை விட்டு இறங்கினவ, மூணு நாள் நான் கூப்பிட்டாலே மேசைக்கடியில போய் ஒளிஞ்சா. நீ வேலைக்குப் போயிட்டா வீட்ல எனக்கு வேற யாரு... மிச்ச அஞ்சையும் ரோஜாத் தொட்டியில பீச்சிட்டுத்தான் குறி போட்டேன், டாக்டரம்மா. இவ கையில தப்பில்ல.