பிறர் குரலில் பேசிய வெல்டா அம்மையாருக்கு

காலையில் எழுந்து சன்னலைத் திறக்கிறீர்கள். காப்பி போடுகிறீர்கள். கருப்பு ரொட்டியில் வெண்ணெய் தடவிச் சாப்பிடுகிறீர்கள். டிராமில் ஏறி, கடைசி நிறுத்தத்தில் இறங்கி, படப்பிடிப்பு நிலையத்தின் வாயில்காவலரிடம் அனுமதிச் சீட்டைக் காட்டுகிறீர்கள். அவருக்கு உங்களைத் தெரியும். ஆனாலும் காட்டுகிறீர்கள். முப்பது ஆண்டுகளுக்கு மேல் இப்படித்தான். அடுத்த திங்கட்கிழமை முதல் இது கிடையாது.

பேரன்புக்கும் பெருமதிப்புக்கும் உரிய வெல்டா கிரீன்பெர்கா அம்மையீர், ரீகா நகரின் பெருமையே, திரையின் சீமாட்டியே, ஒலிப்பதிவுப் பிரிவினராகிய எங்கள் வணக்கம். நாளை பெரிய மண்டபத்தில் நிலையத்தார் உங்களுக்கு விடை கொடுப்பார்கள். பதக்கமும் பூங்கொத்தும் அங்கே. இது எங்கள் கூடத்தில், நாங்களே எழுதி நாங்களே வாசிக்கும் மடல்.

சோவியத் திரையில் வெளிநாடு என்றால் ரீகாவின் பழைய தெருக்கள். வெளிநாட்டுப் பெண் என்றால் நீங்கள். ஜெர்மன் தளபதியின் மனைவி, அமெரிக்கக் கோடீஸ்வரரின் தங்கை, பாரிஸ் நகரத்து உளவுக்காரி. மதுவைத் தொடாத நீங்கள் உயர்த்திய ஷாம்பெயின் கோப்பைகளுக்குக் கணக்கில்லை. அத்தனையிலும் எலுமிச்சை சோடா. ஜெர்மானியர் கொளுத்திய ஊரில் வளர்ந்த நீங்கள், ஜெர்மன் சீமாட்டியாகச் சிரிக்கச் சொன்னபோதெல்லாம் சிரித்தீர்கள்.

அந்தச் சிரிப்பைக்கூட மாற்றினார்கள். நம் லாட்விய நாக்கு ருஷ்ய மொழியைக் கொஞ்சம் இழுக்கும். அதனால் படம் முடிந்ததும் படச்சுருள்கள் மாஸ்கோ போகும். அங்கே ரிம்மா என்னும் நடிகை உங்களுக்காகப் பேசுவார். திரையில் பெயர் உங்களுடையது. ரிம்மாவின் பெயர் எங்கும் வராது. இரண்டு பேருக்கும் இழப்பு. இதை யாரும் குறையாகப் பேசியதில்லை, வழக்கம் என்றார்கள்.

எங்களோடு அங்காடிக்கு வந்த ஒரு நாள், மீன் விற்கும் பெண் உங்களை உற்றுப் பார்த்தாள்.

“அச்சு அசல் நடிகை வெல்டா மாதிரியே இருக்கீங்கம்மா. வாயைத் திறந்ததும்தான் அவங்க இல்லைன்னு தெரிஞ்சுது.”

“அவ எப்படிப் பேசுவா?”

“பட்டு மாதிரி. உங்களுக்குத் தொண்டை கட்டியிருக்குபோல. ராத்திரி பால்ல தேன் விட்டுக் குடிங்க.”

“குடிக்கிறேன்,” என்று மீனை வாங்கிக்கொண்டீர்கள். நாங்கள் வழியெல்லாம் சிரித்தோம். நீங்களும் சிரித்தீர்கள் என்றுதான் நினைத்தோம்.

நீங்கள் நீண்ட நேரம் பேசி நாங்கள் கேட்டது ஒரே ஒரு முறை. சென்ற நவம்பரில், உங்கள் ஒப்பனைக்காரி இனாராவை அடக்கம் செய்த அன்று. இனாரா, இம்மடலை எழுதுபவனின் மனைவி. அவளுடைய விரல்கள் எப்போதும் குளிர்ந்திருக்கும், கன்னத்தில் பட்டதும் தூக்கம் போய்விடும் என்றீர்கள். மற்றவர்கள் அவளுடைய உழைப்பைப் பற்றிப் பேசினார்கள்.

இந்த ஆண்டு, கடைசிப் படத்தில், முதன்முறையாக நம் கடற்கரையின் மீனவப் பெண்ணாக நடித்தீர்கள். உங்கள் குரலிலேயே பதிவு செய்தோம். இதற்கு மேல் நல்ல பதிவு எங்கள் கூடத்தில் நடந்ததில்லை. மேலிடத்தில் அதைப் போட்டுக் கேட்டார்கள். தொலைவில் இருக்கும் மக்களுக்கு இந்த உச்சரிப்பு விளங்காது என்று உத்தரவு வந்தது. ரிம்மாவை இங்கேயே வரவழைத்தார்கள். நீங்கள் வீட்டில் இருந்திருக்கலாம். வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தீர்கள்.

“இங்க மூச்சு விடாதேம்மா. அழுகையை நான் இந்த இடத்துல முழுங்கினேன்.”

“எனக்கு வெட்கமா இருக்குக்கா.”

“வெட்கத்தை அப்புறம் படு. இப்ப மறுபடி போ.”

உங்கள் பதிவை அழித்து ஒலிநாடாவைத் திருப்பித் தரச் சொன்னார்கள். அழித்தோம்.

நாளைய விழாவிலாவது நீங்கள் பேசுவீர்கள் என்று இருந்தோம். நேற்று நிலையத் தலைவர் எங்களை அழைத்தார்.

“டிவிக்காரங்க வர்றாங்க. ஜனங்களுக்குத் தெரிஞ்சது ரிம்மாவோட குரல்தான். இந்தம்மா பேசினா யாரோன்னு நினைப்பாங்க. ஏற்புரையை ரிம்மா திரைக்குப் பின்னால இருந்து படிக்கட்டும். அவங்க முன்னால வந்து நின்னா போதும்.”

“ஒரு தடவை பேசட்டுமே சார். அவங்க விழாதானே?”

“விழா அவங்களோடது. ஒளிபரப்பு நம்மளோடது. ரிம்மா மாட்டேன்னா வேற ஆளைக் கூப்பிடுவேன். போய் வேலையைப் பாருங்க.”

வந்து வேலையைப் பார்த்தோம். எங்களால் உங்களுக்குக் கொடுக்க முடிந்தது இந்த மடல் மட்டும். நீங்கள் நோயின்றி நெடுங்காலம் வாழ வேண்டும். அங்காடியிலும் டிராமிலும் உரக்கப் பேச வேண்டும். கேட்பவர்களுக்கு அது நீங்கள்தான் என்று தெரிய வேண்டும்.

ஒலிப்பதிவுப் பிரிவினர் அனைவரும் கையொப்பமிட்டு, சட்டமிட்டு, இதை உங்கள் கையில் தருகிறோம். நேற்று மாலை தலைவர் சொன்னதைச் சொல்ல உங்கள் வீட்டுக்கு வந்தபோது, உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்தீர்கள். கத்தியை நிறுத்தாமல் முழுவதையும் கேட்டீர்கள். பிறகு ஒரு கேள்வி கேட்டீர்கள். அதையும் இங்கேயே எழுதி வைக்கிறோம்.

“சரி. நான் வாயை அசைக்கணுமா, வேண்டாமா? அதை மட்டும் கேட்டுச் சொல்லுங்க.”