தேக்கங்காட்டில் கைதட்டல்

இன்னும் கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். இது என் நண்பன் ஹர்யாதியின் மைத்துனன் செனோவுக்கு நடந்தது.

பொழுது சாயும் மக்ரிப் தொழுகை நேரம்... ஜாவாவில் ப்ளோரா ஊருக்கு வெளியே, தேக்கங்காட்டு நடுவே ஆளில்லாத சாலை. படப்பிடிப்பை நிறுத்திவிட்டு எல்லோரும் தொழப் போய்விட்டார்கள். பேய் நடமாடும் வேளை என்று அப்போது எங்கள் சினிமா ஆட்கள் யாரும் கேமராவை ஓட விடமாட்டார்கள். விரத்மோ மட்டும் போகவில்லை.

விரத்மோ ஒரு காலத்தில் ஊரே கொண்டாடிய நடிகர். இப்போது படத்தை இயக்குவதும் அவர், அதில் அப்பா வேடமும் அவர். மகன் வேடத்துக்குச் செனோ. புதுப் பையன். அவன் அழுதால் ஒப்பனைக்காரப் பெண்களும் அழுதார்கள், விளக்குப் பிடிப்பவர்கள் கைதட்டினார்கள். அழச் சொல்லிக்கொடுத்தவர் விரத்மோ. கைதட்டல் மட்டும் பையனுக்கா? மனுஷனுக்கு வயிறு எரிந்தது. கேமராவைத் தானே ஓடவிட்டு, மகனின் வசனத்தை அந்த வெறும் சாலையில் நின்று பேசினார்.

பேசி முடித்ததும்... கைதட்டல்.

காட்டுக்குள்ளிருந்து. கூடவே, கல்லறையோரம் பூக்குமே கம்போஜாப் பூ, அந்த வாசம். விரத்மோ பூரித்துப்போய்க் குனிந்து வணங்கினார்.

அவரைத் தேடிக்கொண்டு செனோ வந்தான்.

"அண்ணே, இந்த நேரத்துல இங்க என்ன பண்றீங்க? வாங்க, சோறு ஆறிப்போகுது."

"சும்மா இருடா. கேக்குதா? எனக்குத்தான்!"

அவனுக்கும் கேட்டது. ஆனால் செனோ சாலையில் கால் வைத்ததும் கைதட்டல் பலமானது... காடே அதிர்ந்தது. அவனுக்காக.

விரத்மோவின் முகம் செத்துப்போனது.

"இங்கயும் நீதானா?"

அவனைப் பிடித்துத் தள்ளிவிட்டு, கைதட்டியவர்களைத் தேடி விறுவிறுவென்று மரங்களுக்குள் போனார். கைதட்டல் சட்டென்று நின்றது.

உள்ளேயிருந்து அவர் குரல் வந்தது. அதே வசனம். "அப்பா... கதவத் திறங்கப்பா..." பேசி முடித்தார். ஒரு சத்தமும் இல்லை. மறுபடி முதலிலிருந்து... இன்னும் தள்ளி. மறுபடியும்... இன்னும் உள்ளே.

"போதும்ணே! வந்துருங்கண்ணே!"

உள்ளே விரத்மோவின் குரல் அழுதது. இந்தத் தடவை நடிப்பு இல்லை.

"செனோ... நீயாவது கைதட்டுடா."

செனோவுக்கு மனசு கேட்கவில்லை. கையைத் தூக்கித் தட்டினான்.

சத்தம் வரவில்லை. அவனுடைய இரண்டு உள்ளங்கைகளுக்கும் நடுவே... ஈரமாக, சில்லென்று, இன்னொரு கை இருந்தது.