கடைசி அட்டை

எனக்கு உட்கார்ந்து எழுத வராது, முதுகு ஒத்துழைக்காது. ஒவ்வொரு காட்சியையும் ஓர் அட்டையில் எழுதிச் சுவரில் குத்திவிட்டு, நின்றபடியே பார்த்துக்கொண்டிருப்பேன். ஆவணப்படமானாலும் கதைப்படமானாலும் அப்படித்தான். நீங்கள் விசாரிக்கும் ஆவணப்படத்துக்கு நாற்பத்தோரு அட்டைகள். கடைசி அட்டையில் மட்டும் ஒன்றும் எழுதியிருக்கவில்லை.

படத்தில் வரும் அம்மாள் தையல்காரி. கோபித்துக்கொண்டு போன மகளுக்காக ஆறு வருடமாகத் தெருக்கதவைத் தாழிடாமல் வைத்திருந்தார். படம் முடியுமுன்பே தொலைக்காட்சியில் முன்னோட்டம் ஓடியது. விவரம் தெரிந்தவர்கள் அழைக்க எங்கள் அலுவலக எண்ணைக் கொடுத்திருந்தோம். ஒரு செவ்வாய்க்கிழமை மதியம் மகளே கூப்பிட்டாள். எடுத்தது நான்.

"டிவியில அம்மாவைப் பார்த்தேன் சார். ரொம்ப இளைச்சுட்டாங்க. நான் கிளம்பி வரட்டுமா?"

மகள் வந்துவிட்டால் அது வேறு படம். காத்திருப்பதைப் பற்றி நாங்கள் இரண்டு வருடம் உழைத்திருந்தோம்.

"கேமரா முன்னாடிதாம்மா அப்படிப் பேசுறாங்க. உள்ளுக்குள்ள கோவம் தணியல. நான் பேசிச் சரிபண்றேன், கொஞ்ச நாள் பொறுத்துக்கோ."

நன்றி சொல்லிவிட்டு வைத்தாள். தங்கமான பெண்.

அம்மாளுக்கு இதயம் பலவீனம், அதிக நாள் தாங்காது என்று மருத்துவர் சொல்லியிருந்தார். பன்னிரண்டாவது அட்டையே அதுதான். மகள் கூப்பிட்ட பத்தொன்பதாம் நாள் தையல் மெஷின்மேல் சாய்ந்தபடியே போய்ச் சேர்ந்தார். திறந்து கிடந்த கதவைப் படமெடுத்தோம். வெளிச்சம் நன்றாக இருந்தது. கடைசி அட்டையை எழுதிக் குத்தினேன். பிறகு மகளுக்கு நானே தகவல் சொன்னேன். அவள் வந்து விழுந்து அழுததைப் படம்பிடிக்கவில்லை. எதற்கும் ஒரு நாகரிகம் இருக்கிறது.

படம் பேசப்பட்டது. அதையே கதைப்படமாக எழுதக் கூப்பிட்டார்கள். அதில் மகளை நேரத்துக்கு வரவைத்தேன். தியேட்டரே மூக்கைச் சிந்தியது.

வருத்தமில்லையா என்று கேட்கிறீர்கள். பல் டாக்டர் ஊசி போட்ட கன்னம் மாதிரி இருக்கிறது, அவ்வளவுதான். அந்தப் பெண் புகாரில் எழுதியிருப்பதெல்லாம் சரி. எங்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று காட்டுங்கள்.

ஒன்றை மட்டும் சேர்த்துக்கொள்ளுங்கள். அந்தப் பத்தொன்பது நாளும் அம்மாள் என்னைப் பார்த்ததும், "போன் ஏதாவது வந்துச்சா தம்பி?" என்பார். "வரலைம்மா" என்பேன். ஆனால் என் ஆவணப்படத்தில் இன்றுவரை ஒரு பொய் இடம்பெற்றதில்லை. ஒவ்வொரு தடவையும் கேமராவை நிறுத்தச் சொல்லிவிட்டுத்தான் அவருக்குப் பதில் சொன்னேன்.